நாணலுக்கு இரண்டு கையெழுத்து

லிஃப்ட் மெக்கானிக்கும் அவருடைய மச்சினனும் பேசி மூன்று வருஷம் ஆகிறது. பேசாமல் இருப்பது ஒன்றும் பெரிய விஷயமில்லை. உலகத்தில் பாதி மாமன் மச்சினன்கள் அப்படித்தான் இருக்கிறார்கள். ஆனால் இவர்கள் ஞாயிறு தவறாமல் ஒரே பெஞ்சில், ஒரே குடிலுக்குள் உட்கார்ந்துகொண்டு பேசாமல் இருந்தார்கள். அதற்குத் தனித் திறமை வேண்டும்.

குடில் இருந்தது நகரத்துக்கு வெளியே, சதுப்பு நிலச் சரணாலயத்தில். பலகைச் சுவர், பறவை பார்ப்பதற்குக் கண் மட்டத்தில் ஒரு நீளத் திறப்பு, அவ்வளவுதான். இருவரும் அங்கே தொண்டர்கள். கையில் பச்சைப் பட்டை கட்டிய, சம்பளமில்லாத உத்தியோகம். வருகிறவர்களுக்கு வழி காட்டவேண்டும், சத்தம் போட்டால் முறைக்கவேண்டும், பார்த்த பறவையைப் பதிவேட்டில் எழுதவேண்டும். அரிய பறவை என்றால் பட்டை கட்டிய இரண்டு பேர் தங்கள் கண்ணால் பார்த்துக் கையெழுத்துப் போடவேண்டும். ஒற்றைக் கையெழுத்து செல்லாது.

சண்டை வந்ததே அந்த இரண்டாவது கையெழுத்தில்தான். மூன்று வருஷத்துக்கு முன் ஒரு காலையில் லிஃப்ட்காரர் நாணல் குருகைப் பார்த்தார். லேசில் கண்ணில் படாத கொக்கு ரகம் அது. ஆள் வந்தால் பறக்காது, ஓடாது. அலகை வானத்துக்கு நிமிர்த்தி, கழுத்துக் கோடுகளைக் காட்டிக்கொண்டு நாணலோடு நாணலாக நின்றுவிடும். அதோ, அதோ என்று அவர் விரலை நீட்டினார். மச்சினன் பார்த்தான், நாணல் தெரிந்தது. நான் பாக்கலையே மாமா என்று சொல்லிப் பேனாவை மூடிவிட்டான். வைத்திருப்பதோ மூக்குக்கண்ணாடிக் கடை. ஊருக்கெல்லாம் கண் பார்க்கிறவனுக்குக் கண்ணெதிரே நிற்பது தெரியவில்லையாம். ஒரு கையெழுத்துப் போட்டால் கை தேய்ந்தா போய்விடும் என்று இவர் கேட்டார். பொய்யாகப் போட்டால் தேயும் என்று அவன் சொன்னான். அத்தோடு சரி.

அன்றிலிருந்து நடுவில் உட்காரும் வேலை அவர் மனைவிக்கு வந்தது. ஒரு பக்கம் புருஷன், மறு பக்கம் கூடப்பிறந்த தம்பி, மடியில் பாதி பின்னிய ஸ்வெட்டர், கையில் பட்டை கிடையாது. பறவை என்றால் அவளுக்குக் காக்காய், காக்காய் அல்லாதது என்று இரண்டே இனம். உன் தம்பியிடம் ஃபிளாஸ்க்கைத் தரச் சொல் என்பார் இவர். ஒரு முழ தூரத்தில் இருப்பவன் அதை எடுத்து அக்காவிடம் கொடுப்பான். அவள் வாங்கி இவரிடம் கொடுப்பாள். தபால்காரருக்குக்கூட ஞாயிற்றுக்கிழமை லீவு உண்டு, தனக்கு இல்லை என்று அவள் முணுமுணுப்பது இரண்டு பேர் காதிலும் விழும். இரண்டு பேரும் விழாத மாதிரி இருப்பார்கள்.

இந்த ஞாயிறு மட்டும் அப்படி விளையாட்டாகப் போக வழியில்லை. குடிலுக்கு எதிரே இருந்த நாணல் காட்டை அழித்து வண்டி நிறுத்துமிடம் போடலாம் என்று தலைமை அலுவலகம் யோசித்துக்கொண்டிருந்தது. வருகிறவர்கள் புகார் எழுதியிருந்தார்களாம்: இயற்கை நன்றாக இருக்கிறது, வண்டி விடத்தான் இடமில்லை. இயற்கையை எடுத்துவிட்டால் ஏகப்பட்ட இடம் கிடைக்கும் என்று எந்தப் புண்ணியவானுக்கோ தோன்றிவிட்டது. நகரத்து அழுக்குத் தண்ணீரெல்லாம் அந்த நாணலுக்குள் நுழைந்துதான் தெளிந்து வெளியே வருகிறது, மீன் குஞ்சுகள் அதன் காலடியில்தான் பெரிதாகின்றன என்றெல்லாம் லிஃப்ட்காரர் எட்டுப் பக்கம் எழுதிப் போட்டார். எட்டுப் பக்கத்தை எவன் படிக்கிறான்?

சரணாலயக் காப்பாளர் அம்மாதான் ஒரு வழி சொன்னார். நாணல் குருகு இங்கே இருக்கிறது என்று இந்த மாதப் பதிவேட்டில் ஒரு வரி, கீழே இரண்டு கையெழுத்து. அது போதும், விதிப்படி அப்புறம் ஒருவரும் கை வைக்க முடியாது. பதிவேடு இன்றைக்கு ஐந்து மணிக்கு ஜீப்பில் தலைமை அலுவலகம் போகிறது.

காலை ஏழு மணியிலிருந்து மூவரும் உட்கார்ந்திருந்தார்கள். நாணல் ஆடியது, அவ்வளவுதான். பதினொரு மணிக்கு ஒரு குடும்பம் எட்டிப் பார்த்து, புலி எத்தனை மணிக்கு வரும் என்று விசாரித்துவிட்டுப் போனது. மத்தியானம் லிஃப்ட்காரர் நிமிஷத்துக்கொரு தரம் கடிகாரத்தைப் பார்க்க ஆரம்பித்தார். லிஃப்டில் சிக்கியவர்களிடம் பதறாதீங்க, பதறாதீங்க என்று முப்பது வருஷமாகச் சொல்லிப் பழகியவர். அவருக்குச் சொல்லத்தான் ஆளில்லை.

நாலரை மணிக்குக் காற்று நின்றது. மனைவி பின்னலிலிருந்து தலையை நிமிர்த்தினாள்.

"எல்லாப் புல்லும் நின்னுடுச்சு. அந்த ஒண்ணு மட்டும் இன்னும் ஆடிக்கிட்டே இருக்கு பாருங்க. நடிப்பு ஜாஸ்தி."

தம்பி அவள் ஊசி காட்டிய பக்கம் பார்த்தான். குருகேதான். பத்தடிகூட இருக்காது. பதிவேட்டை இழுத்தான், நேரம் எழுதினான், கையெழுத்துப் போட்டான், அக்கா பக்கம் தள்ளினான். அக்கா புருஷன் பக்கம் தள்ளினாள்.

லிஃப்ட்காரர் பார்த்தார். நாணல் தெரிந்தது. பைனாகுலரை எடுத்தார், அவருடைய அந்தப் பழைய பைனாகுலர் இவ்வளவு கிட்டே இருப்பதைக் கலங்கலாகத்தான் காட்டும். மறுபடி வெறும் மூக்குக்கண்ணாடியோடு பார்த்தார். நாணல், நாணல், அதற்குப் பக்கத்தில் நாணல். வெளியே ஜீப்பைக் கிளப்பும் சத்தம் கேட்டது.

போட்டுவிடுங்கள், நானும் பார்த்தேன், அவனும் பார்த்தான், இருப்பது இருக்கத்தானே செய்கிறது என்று மனைவி காதோரம் சொன்னாள். அவள் சொன்னதில் தப்பில்லை. பறவை பொய்யில்லை. அவர் கையெழுத்து மட்டும்தான் பொய்யாக இருக்கும். கோழி கிறுக்கின மாதிரி ஒரு கோடு இழுத்தால் போதும், அத்தனை நாணலும் பிழைத்துவிடும். பேனா காகிதத்துக்கு மேலே வந்து நின்றது. அங்கேயே நின்றது. கை தேய்ந்தா போய்விடும் என்று தான் கேட்டது அவர் காதிலேயே திரும்ப ஒலித்தது. அவருக்கு அவமானமாக இருந்தது. பேனாவை மூடினார்.

மனைவியைத் தாண்டி நேராக அவனைப் பார்த்தார்.

"எனக்குத் தெரியல மாப்ளே."

மூன்று வருஷத்துக்கு அப்புறம் அவனிடம் நேராகச் சொன்ன முதல் வார்த்தை அது. அவன் கையை நீட்டினான்.

"கண்ணாடியக் கழட்டிக் குடுங்க மாமா."

வாங்கி வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தான். அவன் கடையில் போட்டதுதான், நாலு வருஷத்துக்கு முன்னால். பவர் எப்போதோ மாறியிருக்கும். இந்தக் கீறல் விழுந்த கண்ணாடியை மாட்டிக்கொண்டா மனுஷன் இத்தனை நாளாகப் பறவை பார்க்கிறார்?

"என்மேல கோவம்னா வேற கடைக்காவது போயிருக்கலாமே?"

"வேற கடைக்கா? உன் கடை இருக்கும்போதா?" என்றார் லிஃப்ட்காரர், நிஜமாகவே புரியாமல்.

அவன் குனிந்து பையைக் குடைந்தான். சாயங்காலம் வாடிக்கையாளர்களுக்குக் கொண்டுபோய்க் கொடுக்கவேண்டிய கண்ணாடிகள் மூன்று இருந்தன. முதலாவது ஒரு காசாளருடையது. மாட்டினதும் குடிலே ஒரு பக்கம் சாய்ந்தது. இது எப்படி என்று கடையில் கேட்பதுபோலவே கேட்டான். மோசம் என்றார். இரண்டாவது ஒரு பாட்டு டீச்சருடையது, ரோஸ் நிற ஃபிரேம். மனைவி வாயைப் பொத்திக்கொண்டாள். மூன்றாவது ஒரு தலைமை ஆசிரியருடையது. அவன் அதை அவர் காதில் மாட்டி, முகவாயைப் பிடித்து மெல்லத் திருப்பினான்.

நாணல் ஒன்றுக்குக் கண் முளைத்தது. மஞ்சள் கண். நேராக அவரையே பார்த்துக்கொண்டிருந்தது. அப்புறம் அலகு வந்தது, கோடு போட்ட கழுத்து வந்தது, இரண்டு தண்டுகளைச் சேர்த்துப் பிடித்த பச்சை விரல்கள் வந்தன. லிஃப்ட்காரருக்கு ரொம்ப நேரம் பார்க்க ஆசைதான், ஜீப் விடாது. தலைமை ஆசிரியர் கண்ணாடியோடு குனிந்து, நாலு ஐம்பத்திரண்டுக்கு, நிறுத்தி நிதானமாகக் கையெழுத்துப் போட்டார். மனைவி பதிவேட்டை எடுத்துக்கொண்டு ஓடினாள்.

அவள் திரும்பி வந்தபோது, தம்பி குடில் அலமாரியிலிருந்து பழைய பதிவேடு ஒன்றை இறக்கித் தூசி தட்டிக்கொண்டிருந்தான். மூன்று வருஷத்துக்கு முந்தைய பக்கம். மாமாவின் கையெழுத்து ஒன்று, பக்கத்தில் வெறும் கட்டம்.

"இதுலயும் போட்டுடவா மாமா? அன்னைக்கு நீங்க பாத்தது நிஜம்தான்."

லிஃப்ட்காரர் அதை அவன் கையிலிருந்து வாங்கி மூடினார்.

"வேண்டாம் மாப்ளே. அது காலியாவே இருக்கட்டும். நீதான் பாக்கலையே."

மனைவி வாசலிலேயே நின்று இரண்டு பேரையும் பார்த்தாள். பிறகு நடுவில் கிடந்த ஸ்வெட்டரையும் நூல்கண்டையும் எடுத்துக்கொண்டு, கொஞ்சம் நகர்ந்து உட்காருங்கள், இனிமேல் எனக்கு ஓரத்து இடம்தான் வேண்டும் என்றாள்.