ஏன்பெட்டியும் காபித் தட்டும்

எங்கள் நெடுந்தொடரில் யார் எதனால் செத்தார்கள் என்பதை நினைவில் வைத்திருப்பதுதான் என் வேலை. கண்டினியூட்டி என்பார்கள். பத்தொன்பது வருடம், நாலாயிரத்துச் சொச்சம் அத்தியாயம். என் நோட்டில் ஒவ்வொரு சம்பவத்துக்கும் இரண்டு பத்தி உண்டு. இடது பக்கம் கதைக் காரணம், வலது பக்கம் நிஜக் காரணம். பெரிய மருமகன் கோமாவில் விழுந்தது, இடது பக்கத்தில் லாரி மோதியதால். வலது பக்கத்தில், நடிகர் தலைமுடி நட்டுக்கொள்ளப் போனதால். மாமியாருக்குத் திடீரென்று பேச்சு நின்றது இடது பக்கத்தில் அதிர்ச்சி, வலது பக்கத்தில் கடைவாய்ப் பல். வலது பக்கத்தை நான் யாருக்கும் காட்டியதில்லை.

திங்கட்கிழமை தயாரிப்பாளர் ஒரு பெட்டியோடு வந்தார். செருப்புப் பெட்டி அளவுதான் இருக்கும்.

"எல்லா அத்தியாயத்தையும் இதுக்குள்ள போட்டாச்சு. எந்தச் சம்பவத்தைக் கேட்டாலும் ஏன் நடந்துச்சுன்னு சொல்லும். காரணத்தை மாத்தினா, பின்னாடி வர்றதையெல்லாம் தானே மாத்தி எழுதிடும்."

"ஒளிபரப்பானதை எப்படி சார் மாத்தும்?" என்றேன்.

"பிளாஷ்பேக்கு!"

மத்தியானத்துக்குள் அதற்கு ஏன்பெட்டி என்று பெயர் வைத்துவிட்டோம். டைரக்டர் சோதித்துப் பார்த்தார். விஷப் பாலைக் குடித்துச் செத்த சின்ன மகளுக்கு, பால் திரிந்திருந்தது என்று ஒரு வரி அடித்தார். நாலே நிமிடத்தில் அவள் உயிரோடு மூன்று பிள்ளைகளுக்குத் தாயாகிவிட்டாள். ஆனால் அவள் சாவை விசாரிக்க வந்த இன்ஸ்பெக்டர் கதைக்குள் வரவே இல்லை. இன்ஸ்பெக்டராக நடிப்பவர் தொப்பியும் கையுமாக வாசலில் நின்று, தான் பிறக்கவே இல்லை என்ற செய்தியைக் கேட்டுக்கொண்டிருந்தார். அவருக்காகப் பாலைப் பழையபடி ஆக்கினோம்.

"இன்னொண்ணும் செய்யும்," என்றார் தயாரிப்பாளர். "யாரால எதுவுமே நடக்கலையோ, அவங்க பேரைக் காட்டும்."

பட்டனை அழுத்தினார். ஒரே பெயர் வந்தது: காபியம்மா.

காபியம்மா முதல் அத்தியாயத்திலிருந்து பெரிய வீட்டு வேலைக்காரி. தட்டோடு வருவார், வைப்பார், போவார். எப்போதாவது, "காபி ஆறிப்போகுதும்மா" என்பார். வசனம் அவ்வளவுதான். நடிப்பவருக்கும் அதே பெயர்தான் ஒட்டிக்கொண்டது; எழுபதைத் தாண்டியவர், தன் வீட்டில் தனி ஆள். ஒருமுறை என்னிடம், "அந்தத் தட்டைத் தூக்கிட்டு நாலு அடி நடக்கறப்பதான்டி நான் மனுஷியா இருக்கேன்" என்றார்.

"இவங்களால ஒரு ஈகூடப் பறக்கல. வெள்ளிக்கிழமையோட அனுப்பிடலாம்," என்றார் தயாரிப்பாளர். டைரக்டர் தலையாட்டினார். தலையாட்டுவதில் அவர் கெட்டிக்காரர்.

எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. எல்லோரும் சாப்பிடப் போனதும் பெட்டி முன்னால் உட்கார்ந்தேன். இரண்டாம் அத்தியாயத்தில் பெரிய மகனின் கடிதம் காணாமல் போகும். காரணம், காற்று. அந்தக் காற்றை நினைத்து நான் வெட்கப்படாத வருடமில்லை. அதை அழித்துவிட்டு, 'காபியம்மா எடுத்து ஒளித்தாள்' என்று அடித்தேன்.

அந்த ஒரு வரிதான். பெட்டிக்கு எங்கே நிறுத்துவது என்று தெரியவில்லை. கடிதம் ஒளிந்ததால் கல்யாணம் நின்றது, அதனால் சொத்து பிரிந்தது, அதனால் லாரி, அதனால் விஷம். அவர்கள் கைகழுவிவிட்டு வருவதற்குள் அறுபத்திரண்டு பக்கம் வெளியே வந்து விழுந்திருந்தது. பெரிய வீட்டில் பத்தொன்பது வருடமாக நடந்த அத்தனை அநியாயத்துக்கும் மூலகாரணம் காபி கொண்டுவந்தவள்.

தயாரிப்பாளர் நின்றபடியே படித்தார். "அடேங்கப்பா! யார் செஞ்சது?"

"பெட்டிதான் சார்," என்றேன், வாய் கூசாமல்.

"மனுஷனுக்கு வருமா இந்த மூளை?"

வியாழக்கிழமை காபியம்மா குற்றத்தை ஒப்புக்கொள்ளும் காட்சி, ஒன்றரைப் பக்க வசனம். தாளை எடுத்துக்கொண்டு பெருமையாக மேக்கப் அறைக்குப் போனேன். அவர் தாளைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார்.

"இதெல்லாம் எனக்கா?"

"ஆமாம்மா. இனிமே நீங்கதான் எல்லாம்."

"அடிப்பாவி. எனக்கு வசனம் நிக்காதுன்னு உனக்குத் தெரியாதா?"

தெரியும். நோட்டின் முதல் பக்கத்திலேயே, வலது பத்தியில், என் கையெழுத்தில் இருக்கிறது: 'காபியம்மா ஏன் பேசுவதில்லை? பதினேழு டேக். வசனம் நிற்பதில்லை.' ஊரிலுள்ளவர் காரணத்தையெல்லாம் எழுதி வைத்தவள், கோபத்தில் அந்த ஒன்றை மறந்து தொலைத்தேன்.

இரண்டு நாள் சொல்லிக் கொடுத்தேன். நாலாவது வரி வரும்போது முதல் வரி வீட்டுக்குப் போயிருக்கும். எங்களுடையது நேரடி ஒலிப்பதிவு. ஒளிந்து நின்று எடுத்துக் கொடுக்கவும் வழியில்லை. சொதப்பினால் வெள்ளிக்கிழமை வரைகூடக் காத்திருக்க மாட்டார்கள் என்று எனக்குத் தெரியும்.

வியாழக்கிழமை கேமரா ஓடியது. "எங்க குடும்பம் சிதறினதுக்கு நீதான் காரணமா? சொல்லு!" என்று மாமியார் கத்தினார்.

காபியம்மா தட்டோடு நின்றார். பேசவில்லை. தயாரிப்பாளர் மானிட்டரை விட்டு என்னைப் பார்த்தார். நான் சத்தமில்லாமல் முதல் வரியை வாயசைத்தேன். காபியம்மா என்னை ஒரு பார்வை பார்த்தார், பிறகு மாமியாரை. கண்ணில் நீர் கோத்திருந்தது.

"காபி ஆறிப்போகுதும்மா," என்றார்.

வழக்கம்போலக் கோப்பையை வைத்தார். மாமியார் அதை எடுத்துக் குடித்துவிட்டு ஓவென்று அழுதார். ஸ்கிரிப்ட்டில் அது இல்லை. டைரக்டர் கட் சொல்ல மறந்துவிட்டார். லைட் பிடித்தவர் மூக்கை உறிஞ்சினார்.

"அந்த ஒன்றரைப் பக்கத்தைக் கிழிச்சுப் போடுங்க," என்றார் தயாரிப்பாளர். "இந்த அம்மாவை இனிமே யாரும் தொடக்கூடாது." பிறகு அந்தக் காட்சியைப் பெட்டியில் போட்டு, அவள் ஏன் பேசவில்லை என்று கேட்டார். பெட்டி நாற்பது நிமிடம் முனகிவிட்டு, 'காரணம் கிடைக்கவில்லை' என்றது.

சாயங்காலம் நோட்டைத் திறந்தேன். இடது பக்கம் என்ன எழுதுவதென்று தெரியவில்லை. வலது பக்கம் தெரிந்ததுதானே: 'வசனம் மறந்துவிட்டது' என்று எழுதினேன். எட்டிப் பார்த்த காபியம்மா என் பேனாவைப் பிடுங்கி அதைக் கோடு போட்டு அடித்தார்.

"மறக்கலடி. நேத்து ராத்திரி பூரா படிச்சேன்."

நான் நம்பாமல் பார்த்தேன். அங்கேயே நின்று ஒன்றரைப் பக்கத்தையும் ஒப்பித்தார். ஒரே ஒரு வார்த்தைதான் தப்பு.

"அப்ப ஏம்மா சொல்லல? வேலையே போயிருக்குமே!"

"போனா போகட்டும். பத்தொன்பது வருஷம் காபி குடுத்த வீடுடி. அந்த வீட்டை நான் கெடுத்தேன்னு என் வாயால எப்படிச் சொல்லுவேன்?"

பேனாவைத் திருப்பித் தந்துவிட்டு, அடுத்த வாரமும் தட்டு உண்டுதானே என்று கேட்டார். உண்டு என்றேன். அவர் போனபின், முதல் தடவையாக, இரண்டு பத்தியிலும் ஒரே காரணத்தை எழுதினேன்.