இரண்டு ஜிபி பென் டிரைவ்

அக்கா வீட்டில் எம்பிராய்டரி மெஷினை ஓட்டும் கம்ப்யூட்டருக்குப் பழைய விண்டோஸ் எக்ஸ்பியைத் தவிர வேறு எதுவும் ஒத்துவராது. அதன் ஹார்ட் டிஸ்க் போயேபோய்விட்டது. நாளைக் காலை பள்ளிக்கு நானூறு பேட்ஜ் போயாக வேண்டும். போகாவிட்டால் பள்ளி வேறு ஆளைப் பார்த்துக்கொள்ளும். அக்கா வீட்டில் அடுப்பு எரிவதே அந்தப் பள்ளியால்தான்.

புது டிஸ்க் மாட்டிவிட்டேன். எக்ஸ்பியை ஏற்ற ஒரு பென் டிரைவ் தயார் செய்ய வேண்டும், அவ்வளவுதான். காலையிலிருந்து அதுதான் என் உயிரை வாங்குகிறது. லேப்டாப்பில் எழுதி முடித்துக் கொண்டுபோய்ச் செருகினால், அந்தக் கிழட்டுப் பெட்டி கருப்புத் திரையில் ஒரு கோட்டைச் சிமிட்டிக்கொண்டு நிற்கிறது. மூன்று முறை! என் பென் டிரைவ் பதினாறு ஜிபி; அவ்வளவு பெரிசு என்றால் அதற்குக் கண் தெரியாதாம்.

"ரெண்டு ஜிபில ஏதாவது இருக்கா மாமா?"

அக்கா வீட்டுக்காரர் டிராயரைக் குடைந்து, ஒரே மாதிரி கருப்பாக இரண்டை எடுத்தார். "ஒண்ணுல பேட்ஜ் டிசைன் காப்பி இருக்கு மாப்ள. எதுன்னுதான் தெரியல. இரு, பாத்துட்டு வரேன்."

எதையும் டிவியில் செருகிப் பார்ப்பது அவர் வழக்கம். திரும்பி வந்தவர் ஒன்றைச் சட்டைப்பையில் பத்திரப்படுத்திவிட்டு, மற்றதை என்னிடம் நீட்டினார். "இதுல இருநூத்திச் சொச்சம் ஃபைல் இருக்கு. அது காலி. தாராளமா அழிச்சுக்கோ."

எனக்கிருந்த எரிச்சலில் மறுபேச்சில்லாமல் அழித்தேன். எழுதினேன். செருகினேன். எக்ஸ்பி ஏறத் தொடங்கும் நீலத் திரை வந்தது! மதியத்துக்குள் எக்ஸ்பி ஏறி, மெஷின் ஊசிகளை அசைத்துப் பார்த்தது. எனக்கு அழுகையே வந்துவிட்டது.

"இப்ப டிசைனைப் போடு," என்று மாமா பையிலிருந்ததை எடுத்துக் கொடுத்தார்.

திறந்தேன். எல்லாம் பாட்டு. இருநூற்றுப் பன்னிரண்டு பாட்டு.

டிவிக்குப் பாட்டும் படமும்தான் தெரியும்; தையல் ஃபைல் தெரியாமல், டிசைன் இருந்ததைக் காலி என்று காட்டியிருக்கிறது. தெரிந்த நான் திறந்து பார்க்கவில்லை. பத்து விநாடி வேலை. அழிந்ததை மீட்கும் மென்பொருளும் கையை விரித்துவிட்டது.

"டிவில காலின்னுதான மாப்ள காட்டுச்சு?" என்றார் மாமா, டிவி மேல் வழக்குப் போடுபவர் போல.

"டிவிக்கு என்ன மாமா தெரியும்!" என்று கத்தினேன்.

அக்கா கத்தவில்லை. போன வருடத்து பேட்ஜ் ஒன்றையும் பூதக்கண்ணாடியையும் என் முன்னால் வைத்தாள்.

"இதப் பாத்து தையல எண்ணி, கம்ப்யூட்டர்ல வரஞ்சு எடு. நானூறும் காலைல போகணும். அதுவரைக்கும் ரெண்டு பேரும் வாயத் திறக்கக்கூடாது."

எண்ண ஆரம்பித்தேன்.