வேர் பார்த்தவள்

காரை நிறுத்தியதும் அவள் தன் தங்கையின் வீட்டுக்குள் போகவில்லை. பக்கச் சுவரைச் சுற்றிக்கொண்டு நேராகப் பின்னால் இருந்த புல்வெளிக்கு நடந்தாள். பூத்திருந்தது. முழங்கால் உயரத் தண்டுகளின் நுனியில் மஞ்சள் மஞ்சளாக, சின்னச் சாமந்தி போல. விரியாத மொட்டுகள் மட்டும் திட்டு வாங்கிய பிள்ளைகள் மாதிரி தலை குனிந்து நின்றன. அந்த மண்ணுக்கே உரிய செடி. வேறு நாளாக இருந்தால் அவள் மனசு துள்ளியிருக்கும். இன்று அவை நின்ற விதத்தைத்தான் பார்த்தாள். ஆள் நட்டால் இடைவெளி ஒழுங்காக இருக்கும். இங்கே ஒழுங்கே இல்லை. நாலு ஒரே இடத்தில் நெருக்கியடித்து, ஒன்று மட்டும் ரொம்பத் தள்ளி. காற்று தூவிய விதை அப்படித்தான் விழும். நாற்றுப் பண்ணையில் வேலை செய்கிற தன் தங்கைக்கு அதுவும் தெரியும் என்று உடனே தோன்றியது.

கட்டடம் வரப்போகும் நிலங்களில் சட்டம் காக்கும் அரிய செடி ஏதும் இருக்கிறதா என்று பார்த்துச் சொல்வது அவள் வேலை. தங்கை இங்கே குடிவருவதற்கு முன்பு, ஒரு கொளுத்தும் கோடையில், இதே புல்வெளியைப் பார்த்துவிட்டு அப்படி எதுவும் தென்படவில்லை என்று சொன்னவளும் அவள்தான். கோடையில் இந்தச் செடிக்கு இலைகூட இருக்காது, கிழங்கு மட்டும் மண்ணுக்குள் தூங்கும். மழைக்குப் பிறகு வருகிறேன் என்றதற்கு, நிலத்தை வாங்கியிருந்த கட்டடக் கம்பெனி காத்திருக்கவில்லை. இப்போது அடுக்குமாடி எழும்பினால் தங்கையின் சமையலறை ஜன்னலுக்கு வெயில் என்ற பேச்சே இல்லை. செடி தானாக முளைத்ததென்றால் சட்டப்படி இங்கே அஸ்திவாரம் போட முடியாது.

காலையில் கம்பெனி எஞ்சினியர் போனில் பேசியிருந்தார். பூத்த செய்தி அவர் காதுக்கும் போயிருந்தது. பூ அழகா இருக்காமே என்றெல்லாம் விசாரித்துவிட்டு, கடைசியில் சிரித்தபடியே கேட்டார்: "மேடம், உங்க தங்கச்சி நர்சரியிலதானே வேலை பாக்குறாங்க?" அந்தச் சிரிப்பு வழி நெடுக அவளோடு காரில் வந்தது. தங்கை ஒருமுறை பேச்சுவாக்கில், இதன் விதை எங்கே கிடைக்கும், வேர் எவ்வளவு ஆழம் போகும் என்று கேட்டதும் கூடவே வந்தது. அன்றைக்கு அவள் சந்தோஷமாக அரை மணி நேரம் விளக்கம் சொல்லியிருந்தாள்.

பின்கதவு திறந்தது. தங்கை ஈரக் கையைத் துடைத்துக்கொண்டு வந்தாள். சாப்பிட்டாயா என்றுதான் முதலில் கேட்டாள். பிறகு அக்காவின் கையில் இருந்த சின்னக் களைக்கொத்தைப் பார்த்தாள்.

"தோண்டப் போறியா?"

"ஒண்ணே ஒண்ணு."

தங்கை கையைக் கட்டிக்கொண்டு நின்றாள்.

தள்ளி நின்ற ஒற்றைச் செடியை அவள் தேர்ந்தெடுத்தாள். மண் கல்லாக இருந்தது. கொத்து உள்ளே இறங்க மறுத்தது. சுற்றிலும் புல்லின் வேர்கள் பின்னிக்கிடந்தன. ஒவ்வொன்றாக அறுத்து எடுக்க வேண்டியிருந்தது. கடைசியில் கிழங்கு வந்தது. ஒன்றல்ல, இரண்டு. புதுசு வெள்ளையாகத் திரண்டிருக்க, அதை ஒட்டிப் போன வருடத்துக் கிழங்கு சுருங்கித் தொங்கியது. நட்டதல்ல. குறைந்தது ஒரு வருடமாக இங்கேயே இருக்கிறது. அவளுக்கு மூச்சு லேசானது. தங்கையின் முகத்தை நிமிர்ந்து பார்க்கக் கூச்சமாக இருந்தது. அந்தக் கூச்சத்திலேயே, வேலையை முழுசாக முடித்துவிட்டால் எவனும் வாய் திறக்க முடியாது என்று நினைத்து, நெருக்கமாக நின்ற நான்கின் பக்கம் நகர்ந்தாள்.

"அது வேண்டாம்க்கா."

"ஏன்?"

"வேர் அறுந்தா செத்துப் போயிடும். ஒண்ணு போதாதா?"

சரியான பேச்சுதான். அவளே மற்றவர்களிடம் சொல்லும் பேச்சு. ஆனால் தங்கை அதை ஒரு நொடி முந்திச் சொல்லிவிட்டாள். கொத்து அந்தரத்தில் நின்றது. தோண்டினால் நட்டதா, முளைத்ததா என்று தெரிந்துவிடும். தெரிந்த பிறகு தெரியாதவள் போல இருக்க அவளால் முடியாது. கொத்தைக் கீழே வைத்தாள். பிறகு எழுந்து எஞ்சினியருக்குப் போன் போட்டாள். பக்கத்து வீடு தன் தங்கையுடையது, தான் பார்ப்பது முறையாகாது, வேறு ஆளை அனுப்புங்கள் என்றாள். அவர் மறுபேச்சில்லாமல் ஒத்துக்கொண்டார். நாளைக்கே வருவார்கள்.

தங்கை எல்லாவற்றையும் கேட்டுக்கொண்டு நின்றாள். குரல் உயரவில்லை.

"முன்னப்பின்ன தெரியாத ஒருத்தர் வந்து நம்பிட்டுப் போவாங்க. உன்னாலதான் முடியல."

கதவு சாத்திக்கொண்டது. உள்ளே பாத்திரம் வைக்கும் சத்தம் வழக்கத்தைவிடப் பலமாகக் கேட்டது.

அவள் கையிலிருந்த செடியைப் பார்த்தாள். அதற்குள் துவளத் தொடங்கியிருந்தது. குழியில் இறக்கி, வேர் மடங்காமல் நிமிர்த்திப் பிடித்து, மண்ணைத் தள்ளி அழுத்தினாள். பாட்டிலில் மிச்சமிருந்த தண்ணீரை ஊற்றினாள். எழுந்து பார்த்தபோதுதான் உறைத்தது. காய்ந்த புல்வெளியில் அந்த ஒரு வட்டம் மட்டும் கறுப்பாக, ஈரமாக, யாரோ இப்போதுதான் நட்டுவிட்டுப் போனது போலப் பளிச்சென்று தெரிந்தது. அவள் சுற்றுமுற்றும் பார்த்தாள். பிறகு மறுபடி மண்டியிட்டு, உதிர்ந்த புல்லைக் கை நிறைய அள்ளி அதன்மேல் பரப்பத் தொடங்கினாள்.