ஏழு முறை எடுத்த அழுகை

நவோட்டாஸ் நகரின் அந்தச் சந்தில் எவரும் எழுதிவைக்காத சட்டம் ஒன்று உண்டு: சாவு வீட்டில் அழுவது பெண்களின் வேலை, ஆண்கள் காப்பி குடிப்பார்கள், சீட்டாடுவார்கள், அழமாட்டார்கள். ஆகவே எல்மோ, ஏற்கெனவே துடைத்த சவப்பெட்டிக் கண்ணாடியை மறுபடியும் துடைத்துக்கொண்டிருந்தான். உள்ளே அவனுடைய அப்பா எலுதேரியோ.

"கண்ணாடி தேஞ்சிடும்டா, எல்மோ! வா, ஆட்டத்துக்கு ஒரு கை குறையுது," என்றார் பக்கத்து வீட்டு பாடோங்.

அப்பா ஒரே ஒரு படத்தால் அறியப்பட்டவர். பெண்கள் சம்பாதித்து அதட்ட, ஆண்கள் சமைத்துப் பிள்ளை வளர்க்கும் ஊரைப் பற்றிய நகைச்சுவைப் படம். அதில் அவர் ஒரு பிணத்தருகே விக்கி விக்கி அழுவார், மனைவியாக நடித்த சாரிங், "சீ, ஆம்பள மாதிரி அழாதே!" என்று முதுகில் அறைவாள். திரையரங்கு அதிரும். முப்பது ஆண்டுகளாகியும் சந்தில் எந்தப் பையன் சிணுங்கினாலும் அந்த வசனம்தான். அம்மா இறந்த அன்று அப்பாவின் கண் கலங்கியபோதுகூட யாரோ பழக்கதோஷத்தில் சிரித்துவிட்டார்கள். அவர் முகம் கழுவி வந்து சீட்டுக்கட்டை எடுத்தார்.

அதே சிரிப்பு இன்று தனக்காகக் காத்திருப்பதை எல்மோ அறிவான். ஆனாலும் ஒரு கேள்வி அவனை விடாமல் அரித்தது: வாழ்வில் ஒருமுறையும் அழாத மனிதர், படத்தில் மட்டும் அப்படி அழுதது எப்படி?

மாலையில் சாரிங்கே வந்தாள், கைத்தடியோடு.

"அத்தை, அந்த சீனுக்கு அப்பா கண்ணுல என்ன விட்டாங்க?"

"கிளிசரின் வச்சிருந்தாங்க. உங்கப்பன் வேணாம்னுட்டான்."

"அப்புறம்?"

"உனக்கு முன்னாடி ஒரு புள்ள பொறந்துச்சே..."

தெரியும். மூன்று மாதமே இருந்த அண்ணன். வீட்டில் ஒரு புகைப்படம் உண்டு.

"அதப் பொதைச்ச மறுநாள்டா அந்த சீன். மொத டேக்கே ஓகே. இவன்தான் 'இன்னொண்ணு எடுங்க, இன்னொண்ணு எடுங்க'ன்னு டைரக்டரோட கையப் புடிச்சுக்கிட்டான். ஏழு தடவ எடுத்தோம். லைட் புடிக்கிறவனெல்லாம் சிரிச்சு உருண்டான். நானும்தான் சிரிச்சேன். விஷயம் சாயங்காலம்தான் தெரிஞ்சுது."

அவள் கைத்தடியின் பிடியையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

எல்மோ துணியைக் கீழே வைத்தான். முகத்தை மறைத்துக்கொள்ளாமல், சந்து முழுக்கக் கேட்கும்படி வாய்விட்டு அழுதான். சீட்டு மேசையில் யாரோ சிரிக்கத் தொடங்கினார்கள். அவன் நிறுத்தவில்லை.