இரண்டாவது புள்ளி

ஒரே வாரத்தில் இரண்டாவது முறையாக என் பழைய கம்ப்யூட்டர் திரையில் நிறம் குறைந்திருந்தது. நான் வரைந்துகொண்டிருந்த மயிலின் கழுத்து திட்டுத் திட்டாக, மழையில் நனைந்த சுவரொட்டி மாதிரி கிடந்தது. செட்டிங்கில் போய்ப் பார்த்தேன். லட்சக்கணக்கான நிறங்களைக் காட்ட வேண்டிய திரையை யாரோ வெறும் இருநூற்றைம்பத்தாறு நிறங்களுக்கு இறக்கிவிட்டு, திரும்ப ஏற்ற மறந்திருந்தார்கள். கம்ப்யூட்டர் தானாக இந்த வேலையைச் செய்யாது. கடையில் என்னைத் தவிர இருப்பது ஒரே ஆள், என் மனைவி ஹேமாவதி.

என் பெயர் கதிரவன். திருத்தணி மலையடிவாரத்தில், வீட்டின் முன்னறையில் டிசைன் கடை வைத்திருக்கிறேன். விசைத்தறிச் சேலைகளுக்குக் கரை வரைவது தொழில். கம்ப்யூட்டரில் கட்டம் கட்டமாக நிறம் போட்டு முடித்தால், அதைப் பார்த்து ஒரு மெஷின் அட்டையில் துளை குத்தும். அந்த அட்டைகளைத் தறியில் மாட்டினால் என் படம் துணியில் வந்துவிடும். மெஷினுக்குப் பதினெட்டு வயது. அதே வயதுள்ள இந்தப் பழைய கம்ப்யூட்டர் சொன்னால்தான் கேட்கும், புது லேப்டாப்பை ஒரு பொருட்டாகவே மதிக்காது. அதனால் என் டிசைன்கள் எல்லாம் அந்தக் கிழட்டுப் பெட்டிக்குள்தான் இருக்கின்றன.

எனக்குச் சந்தேகப் புத்தி என்பாள் ஹேமா. நான் அதை ஜாக்கிரதை என்பேன். வீட்டைப் பூட்டிவிட்டு நான்கு முறை இழுத்துப் பார்ப்பேன், தெருமுனை வரை போய்த் திரும்பி வந்து ஐந்தாவது முறையும் இழுப்பேன். என் ஜாக்கிரதை வீண் போகவில்லை என்பதற்குப் போன தீபாவளியே அத்தாட்சி.

நான்கு மாதம் உட்கார்ந்து ஓர் அன்னப்பட்சிக் கரை வரைந்திருந்தேன். அந்தச் சேலை கடைக்கு வருவதற்கு ஒரு வாரம் முன்பு, திருப்பதி பஸ் நிலையத்துக்கு எதிரே ஒரு துணிக்கடை வாசலில் என் அன்னம் தொங்கியது. அதே வளைந்த கழுத்து, அலகில் அதே தாமரை மொட்டு. ஒன்று மட்டும் இல்லை, என் புள்ளி.

புள்ளியைப் பற்றிச் சொல்ல வேண்டும். என் ஒவ்வொரு டிசைனிலும், யார் கண்ணுக்கும் படாத ஓரிடத்தில், கடுகளவு ஒரு புள்ளியை வேறு நிறத்தில் விட்டுவிடுவேன். காப்பியடிக்கிறவன் அதையும் சேர்த்துக் காப்பியடித்து மாட்டிக்கொள்வான். அதற்குச் சாட்சிப் புள்ளி என்று நானே பெயர் வைத்திருந்தேன். திருப்பதித் துணியில் அது இல்லாததைப் பார்த்ததும் எனக்கு எல்லாம் விளங்கிவிட்டது. புள்ளி இருக்கும் இடம் தெரிந்தவன்தான் அதைப் பார்த்து எடுத்திருக்க முடியும். அப்படித் தெரிந்தவன் உலகத்திலேயே ஒருவன்தான். ஹேமாவின் அண்ணன் ராஜவேலு. ஒரு கல்யாண வீட்டில் பெருமைக்காக அவரிடம் மட்டும் நானே சொல்லியிருந்தேன்.

எங்கள் பக்கம் பேச்சில் தெலுங்கும் கலந்திருக்கும், மச்சானான அவரைப் பாவா என்றுதான் கூப்பிடுவேன். பொதட்டூர்பேட்டையில் பன்னிரண்டு தறி ஓட்டுகிறார். அன்றைக்கே பஸ் ஏறிப் போய், அத்தனை தறிச் சத்தத்தையும் மீறி, வேலையாட்கள் எல்லாரும் கேட்கும்படி அவரைத் திருடன் என்று கத்திவிட்டு வந்தேன். அப்படியும் அவர் பொங்கலுக்கு வழக்கம்போலத் தங்கைக்கு வரிசை அனுப்பினார். கரும்பும் மஞ்சளும் சேலையும் வந்த ஆட்டோவிலேயே திருப்பி அனுப்பினேன். ஹேமா சமையலறை வாசலில் நின்று பார்த்துக்கொண்டிருந்தாள். அதன் பிறகு அவள் அண்ணன் வீட்டுக்குப் போகவில்லை, அந்தப் பேச்சையும் எடுக்கவில்லை.

இப்போது இந்த நிறம் குறைந்த விவகாரம். நான் அவளிடம் எதுவும் கேட்கவில்லை, கேட்டால் உஷாராகிவிடுவாள். அவள் குளிக்கப் போன நேரத்தில் கம்ப்யூட்டரைத் துருவினேன். நான் அரக்கோணம் போயிருந்த நாளில், மதியம் ஒன்று பத்துக்கு மயில் டிசைன் திறக்கப்பட்டிருந்தது. எனக்குத் தெரியாத ஒரு ஃபோல்டருக்குள் 'கருப்பி', 'மல்லிகா', 'கருப்பி கடைசி' என்று ஆங்கில எழுத்தில் ஃபைல்கள் இருந்தன. அழுத்திப் பார்த்தும் எதுவும் திறக்கவில்லை. சமையலறை அலமாரியில் அவள் கோலம் போட்டுப் பார்க்கும் நோட்டில் 641 முதல் 660 வரை எண்களை எழுதி, ஆறு எண்களுக்கு நேரே டிக் போட்டிருந்தாள். ஆறு டிசைன்களுக்கு அவளும் அண்ணனும் தங்களுக்குள் வைத்துக்கொண்ட ரகசிய எண்கள் என்று முடிவு கட்டினேன். நோட்டுக்குள் என்னுடையதல்லாத ஒரு பென்டிரைவும் இருந்தது.

ராஜவேலு திருடியபோது கோபம்தான் வந்தது. இது அப்படி இல்லை. பதினான்கு வருடமாக என் தட்டில் சோறு போடுகிற கை. குழந்தை இல்லை என்று ஊர் பேசியபோது நாங்கள் இரண்டு பேரும் ஒருவரையொருவர் பிடித்துக்கொண்டுதான் நின்றோம். அந்தக் கை என் டிசைனை அண்ணனுக்கு எடுத்துக் கொடுக்கிறது என்றால், இந்த வீட்டில் நான் யாரை நம்பி உட்கார்ந்திருக்கிறேன்? சோறு இறங்கவில்லை. அவள் உடம்பு சரியில்லையா என்று கேட்டு மிளகு ரசம் வைத்தாள். அந்த ரசத்தைக்கூடச் சந்தேகத்தோடுதான் குடித்தேன்.

பொறி வைத்தேன். மயிலுக்கு என் வழக்கமான புள்ளி இடது இறக்கைக்குக் கீழே ஏற்கெனவே இருந்தது. அதைப் பற்றி ராஜவேலுவுக்குத் தெரியும் என்பதால் கால் நகத்துக்குப் பக்கத்தில் சிவப்பில் இரண்டாவதாக ஒன்று வைத்தேன். இந்த மயில் எந்தத் தறியில் வந்தாலும் அந்தச் சிவப்பு என் வீட்டிலிருந்து போனதைச் சொல்லிவிடும். மறுநாள் காலை பத்து மணிக்கு, சாயங்காலம்தான் வருவேன் என்று அவளிடம் சொல்லிவிட்டு, ஸ்டேஷன் பக்கம் போகிறவன் மாதிரி போய், சுற்றி வந்து எதிர்வரிசை இளநீர்க் கடையில் நின்றேன். மொட்டையடித்துச் சந்தனம் பூசியவர்கள் கூட்டம் கூட்டமாகப் போனார்கள். அவர்கள் தலைகளுக்கு நடுவே என் கடையையே பார்த்துக்கொண்டிருந்தேன். மூன்று இளநீர் குடித்த பிறகு, ஹேமா பழைய கம்ப்யூட்டர் முன்னால் வந்து உட்கார்ந்தாள்.

செருப்பை வெளியே விட்டுவிட்டு, சத்தமில்லாமல் உள்ளே போய் அவள் முதுகுக்குப் பின்னால் நின்றேன்.

பென்டிரைவிலிருந்து ஒரு ஃபைலை எடுத்து அந்த ஃபோல்டருக்குள் போட்டாள். கோல நோட்டைப் பார்த்து 647-க்கு நேரே டிக் போட்டாள். நிறத்தைக் குறைத்தாள், திரை மங்கியது. கீறல் விழுந்த ஒரு சிடியைச் சேலைத் தலைப்பால் துடைத்து உள்ளே தள்ளினாள். பெட்டி கொஞ்ச நேரம் இரைந்துவிட்டு, பொம்மை வீடு மாதிரி ஓர் அறையைக் காட்டியது. அறை மூலையில் கதவு திறந்தது. ஒரு கறுப்பு நாய் எட்டிப் பார்த்தது.

இடது காது பாதி கிழிந்த நாய். என் கடைப் படியில் தினமும் படுத்திருக்கும் கருப்பி. வெளியே திரும்பிப் பார்த்தேன், படியில் படுத்துத்தான் இருந்தது. திரையிலிருந்த கருப்பி நொண்டி நொண்டி நடந்து வந்தது. அதன் முதுகில் ஒரு துணி, துணியில் நான் வரைந்த ருத்ராட்சக் கரை.

"ஓ, இதான் நடந்துகினு இருக்குதா?" என்றேன்.

ஹேமா திடுக்கிட்டாள். ஆனால் எதையும் மூடவில்லை. நாற்காலியைக் கொஞ்சம் நகர்த்தி எனக்கு இடம் விட்டாள். அந்த நிதானம் என் கோபத்தை இன்னும் கிளப்பியது. இது என்ன, யாருக்கு அனுப்புகிறாய், அண்ணன் எவ்வளவு நாளாகக் கேட்கிறான் என்று அடுக்கினேன். அவள் ஒவ்வொன்றாகச் சொன்னாள்.

இது திரையில் நாய் வளர்க்கிற பழைய விளையாட்டு. கம்ப்யூட்டரைப் பழையதாக வாங்கியபோது அந்த சிடியும் கூடவே வந்தது. கொரோனா காலத்தில் பொழுது போகாமல் போட்டுப் பார்த்திருக்கிறாள். தயாரித்த கம்பெனி என்றைக்கோ கைவிட்டுவிட்டது. ஆனால் உலகத்தில் நாற்பது பெண்கள் இன்னும் அதை விடாமல், புதுப் புது நாய்களையும் மெத்தைகளையும் உடைகளையும் தாங்களே செய்து ஒருவருக்கொருவர் அனுப்பிக்கொள்கிறார்கள். ஒவ்வொரு ஃபைலுக்கும் ஓர் எண் வேண்டும். இரண்டு ஃபைலுக்கு ஒரே எண் இருந்தால் விளையாட்டு படுத்துவிடும். அதனால் ஆளுக்கு இருபது எண் என்று பிரித்துக்கொண்டார்கள். இவளுக்கு 641 முதல் 660. நிறத்தைக் குறைக்காவிட்டால் விளையாட்டு திறக்காது, திரும்ப ஏற்ற இரண்டு தடவை மறந்துவிட்டாள். அவ்வளவுதான்.

ருத்ராட்சக் கரை எப்படி வந்தது என்றேன். போன வருடம் தறிக்காரர்கள் வேண்டாம் என்று சொல்லித் திரும்பி வந்த டிசைன்களில் ஒன்று அது. திரும்பி வந்தவற்றை மட்டும்தான் நாய்களுக்குப் போடுகிறாளாம். தறிக்குப் போகிற எதையும் தொட்டதில்லையாம். மயிலை ஏன் திறந்தாய் என்று கேட்டேன். புதிதாக நான் எது வரைந்தாலும் முதலில் பார்ப்பது அவள்தானாம், இத்தனை வருடமும்.

அவள் நாயின் முதுகைத் திரையில் பெரிதாக்கிக் காட்டினாள். ருத்ராட்சத்துக்கு அடியில் என் புள்ளி இருந்தது.

"இதை நான் எடுக்கலைங்க. உங்க கையெழுத்து மாதிரி. போலந்துல ஒருத்தி வளக்கற நாய் மேல கூட இது இருக்குது."

"உனக்கு எப்படித் தெரியும்? நான் சொன்னதே இல்லையே."

"பதினாலு வருஷமா பாத்துகினு தானே இருக்கேன்."

பிறகு அந்த விளையாட்டைச் சின்னதாக்கிவிட்டு மயிலைத் திறந்தாள். கர்சரை நேராகக் கால் நகத்துக்குக் கொண்டுபோய் நிறுத்தினாள்.

"ஒரு டிசைனுக்கு ஒண்ணுதான் வைப்பீங்க. இதுல ரெண்டு இருக்குது. இது எனக்காக வச்சதாங்க?"

நான் அவள் முகத்தைப் பார்க்கவில்லை. வாசலில் கருப்பி காதைச் சொறிந்துகொண்டிருந்தது, அதைப் பார்த்தேன். வேறு வழி தெரியாமல், தீபாவளித் திருட்டு நடந்தது உண்மைதானே, புள்ளி தெரிந்தவன்தானே அதை எடுத்திருக்க முடியும் என்று பழைய பாட்டையே பாடினேன்.

அவள் தன் போனை எடுத்து ஒரு வீடியோவைப் போட்டு என் கையில் கொடுத்தாள். நாய் தோளில் வைத்துக்கொள்ளச் சின்னதாக ஒரு காவடி செய்ய நினைத்து, மாதிரிக்காகத் தேடியபோது கிடைத்ததாம். போன வருடத்து ஆடிக் கிருத்திகை. யாரோ படியோரம் நின்று எடுத்தது. மஞ்சள் வேட்டியும் மொட்டைத் தலையில் சந்தனமுமாகக் காவடியோடு ஓர் ஆள் ஏறி வந்தான். அது நான். காவடியைச் சுற்றி, தறியிலிருந்து முதல் துண்டாக வந்த அன்னப்பட்சிக் கரை. எந்தப் புது டிசைனும் முதலில் முருகனுக்குத்தான் என்று நானே ஊசி நூல் வைத்துத் தைத்தது. எடுத்தவருக்கு அது ரொம்பப் பிடித்திருக்க வேண்டும், ஒரு நிமிடம் முழுக்க அதையே காட்டியிருந்தார். நாலு லட்சம் பேர் பார்த்திருந்தார்கள். எவ்வளவு பெரிதாக்கினாலும் புள்ளி மட்டும் தெரியவில்லை. கண்ணுக்குத் தெரியாததை எவன் காப்பியடிப்பான்?

சாமிக்குக் காட்டுவது ஊருக்குக் காட்டுவதாகும் என்று என் ஜாக்கிரதைக்கு ஒரு நாளும் தோன்றவில்லை.

"எப்போ பாத்தே இதை?"

"ரெண்டு வாரம் ஆவுது."

"அன்னைக்கே காட்டியிருக்கலாம்ல?"

அவள் போனைத் திரும்ப வாங்கிக்கொண்டாள். "எங்க அண்ணன் திருடன் இல்லைனு நம்பறதுக்கு உங்களுக்கு வீடியோ வேணுமா? நீங்களா ஒரு நாள் போவீங்கனு பாத்துகினு இருந்தேன்."

அப்போதே எழுந்தேன். மனம் மாறுவதற்குள் போய்விட வேண்டும் என்று, திரையைக்கூடச் சரியாகப் பார்க்காமல் மயிலை அட்டைகளில் குத்தி, கட்டாகக் கட்டி எடுத்துக்கொண்டு மதிய பஸ்ஸில் பொதட்டூர்பேட்டைக்குப் போனேன். பன்னிரண்டு தறியும் ஓடிக்கொண்டிருந்தன. மெதுவாகச் சொன்னது பாவாவின் காதில் விழவில்லை. மன்னிப்பையும் கத்தித்தான் கேட்க வேண்டியிருந்தது. அதே வேலையாட்கள் அதையும் கேட்டார்கள். இந்த மயிலை உங்கள் தறிக்கு மட்டும் தருகிறேன் என்று அட்டைக் கட்டை நீட்டினேன். அவர் அதை வாங்கிக்கொண்டு, "சாப்பிட்டு போ" என்றார்.

வைகாசிக் கிருத்திகைக்கு முன்னால் ராஜவேலு தானே ஸ்கூட்டரில் வந்து, அந்த மயில் கரையில் நெய்த முதல் சேலையைத் தங்கை கையில் கொடுத்தார். ஹேமா பிரித்துப் பார்த்தாள். கரையை விரலால் தடவிக்கொண்டே போனவள், ஓரிடத்தில் நின்றாள். பிறகு மடித்து வைத்தாள்.

கிருத்திகை அன்று அதைக் கட்டிக்கொண்டு மலை ஏறினாள். முந்நூற்றறுபத்தைந்து படி. கூட்டம் நெருக்கியதால் நான் அவளுக்குப் பின்னாலேயே ஏறினேன். என் கண்ணுக்கு நேரே அவள் கணுக்காலும் சேலைக் கரையும்தான். பத்துப் பதினைந்து படி ஏறிய பிறகுதான் கவனித்தேன். மயிலின் கால் நகத்துக்குப் பக்கத்தில் சிவப்பாக ஒன்று. கரை என்றால் ஒரே படம் திரும்பத் திரும்ப வருவது, அடுத்த மயிலுக்கும் அது இருந்தது, அதற்கடுத்ததற்கும்.

"ஹேமா, அந்தப் புள்ளியை எடுக்க மறந்துட்டேன். நீ பாத்தியே, எடுத்திருக்கலாம்ல?" என்றேன், மூச்சு வாங்கிக்கொண்டு.

அவள் திரும்பாமலே சொன்னாள். "நீங்க வச்சது. நீங்கதான் எடுக்கணும்."

அதற்குள் இருநூறு சேலை கடைகளுக்குப் போயிருந்தது. முன்னாலும் பின்னாலும் அரோகரா சத்தம். அத்தனை கூட்டத்தில் அந்தப் புள்ளி எதற்கு வைத்தது என்று தெரிந்தவர்கள் நாங்கள் இரண்டே பேர். அவள் சேலையைக் கொஞ்சம் தூக்கிப் பிடித்துக்கொண்டு அடுத்த படியில் கால் வைத்தாள். நான் அதைப் பார்த்துக்கொண்டே ஏறினேன்.