பிஸ்கெட்டிடம் சொன்ன வத்தர்க்கா

ஊரில் எந்த டொயோட்டா இருமினாலும், நோவு எந்த இடத்தில் என்று கண்ணை மூடிக்கொண்டே சொல்லிவிடுவான் மெர்வின். செடிகொடி விஷயத்தில் அவன் ஞானம் அவ்வளவு தூரம் போகாது. அதை அவனிடம் மட்டும் யாரும் சொல்லியிருக்கவில்லை.

நடு ஆஸ்திரேலியாவின் ஆலிஸ் ஸ்பிரிங்ஸ் ஆஸ்பத்திரியில் பிறந்த அவன் மகள் அன்றுதான் வீடு வந்திருந்தாள். சாயங்காலம் பெண்கள் அவளுக்கு வத்தர்க்கா என்ற புதரின் இலையால் புகை போட வேண்டும். பிள்ளை திடமாக வளர அதுதான் வழி. இலை பறிப்பதும் பெண்கள் வேலைதான். "என் மொத மக. இலைய நான்தான் கொண்டாருவேன்" என்று ஒற்றைக்காலில் நின்றான் மெர்வின்.

"வத்தர்க்கா எதுன்னு தெரியுமா உனக்கு?" என்றாள் மனைவி லினெட்.

"மணல்மேட்டுல பச்சையா நிக்கும்."

"பச்சையா நிக்கிறதெல்லாம் வத்தர்க்காவா? தப்பான இலையோட வந்தே, இன்னைக்குப் புகை கெடையாது ராசா. எங்கம்மா ஒத்துக்காது."

அந்த அம்மா முகத்தை மெர்வின் நேருக்கு நேர் பார்த்ததில்லை. அவர்கள் பழங்குடி வழக்கப்படி மாமியாரும் மருமகனும் ஒருவரையொருவர் பார்க்கக்கூடாது, பேசக்கூடாது. பகை இல்லை, மரியாதை. மணலில் அவர் கால்தடம் தெரிந்தால் இவன் வேறு பக்கம் திரும்பிவிடுவான்.

செம்மணல் மேட்டடியில் வண்டியை நிறுத்தி, பளபளத்து நின்ற முதல் புதரிலேயே கோடரியைப் போட்டான். பாதி வண்டி நிறைந்திருக்கும், மேட்டுக்கு அந்தப் பக்கமிருந்து ஒரு குரல் கேட்டது.

"பிஸ்கெட்டு! இங்க வாடா. எவனோ ஒரு அறிவாளி விராலிய வெட்டி வண்டியில அடுக்குறான், பாத்தியா?"

மெர்வின் சட்டென்று முதுகைத் திருப்பிக்கொண்டான். பிஸ்கெட், மாமியாரின் நாய். இவன்மேல் நம்பிக்கை இல்லாமல் அவரே நடந்து வந்திருக்கிறார். நாயோடு பேச எந்தத் தடையும் இல்லையே.

"கையில ஒட்டுதான்னு பாக்கச் சொல்லுடா. ஒட்டுனா விராலி. நம்ம வத்தர்க்கா காய் மணி கோத்தாப்புல இருக்கும், தொட்டா துண்டு துண்டா ஒடியும்."

மெர்வின் விரல்களைத் தேய்த்துப் பார்த்தான். ஒட்டியது. வண்டிச் சக்கரத்தை ஓர் உதை விட்டான். "ஏ டொயோட்டா! ஒன்னய நம்பி வந்தேன் பாரு. இப்படி மானத்த வாங்கிட்டியே!"

அந்தப் பக்கம் யாரோ சிரித்த மாதிரி இருந்தது. நாயாகத்தான் இருக்க வேண்டும்.

சத்தம் அடங்கியபின் மேடேறினான். கால்தடம் கிடந்தது, இடது பெருவிரல் உள்வாங்கிய, அவனுக்கு நன்றாகத் தெரிந்த தடம். இந்த முறை அவன் விலகிப் போகவில்லை. வீட்டுக்கு நேர்வழியை விட்டுவிட்டு அது வளைந்து போய், குடை கவிழ்த்தாற்போல் தரைவரை தழைத்த ஒரு புதரை வேண்டுமென்றே ஒரு சுற்றுச் சுற்றி, பிறகு ஊர் பக்கம் திரும்பியிருந்தது. மெர்வின் ஒரு காயைத் தொட்டான். மணி மணியாக ஒடிந்தது.

சாயங்காலம் காற்றுத் தடுப்புக்கு அப்பால் வெள்ளைப் புகை எழுந்தது. அங்கே நடந்தது பெண்கள் விஷயம். மெர்வினுக்குத் தெரியாது, தெரிந்தாலும் சொல்லமாட்டான். லினெட் குழந்தையைக் கொண்டுவந்து அவன் மடியில் வைத்தாள். உடம்பெல்லாம் புகை வாசம். மகள் ஒரு தும்மல் போட்டாள்.

"இஞ்சின் பிரமாதம்" என்றான். கண்தான் கொஞ்சம் கலங்கியது. புகை, வேறென்ன.

தணலில் சுட்ட கங்காரு வாலை எடுத்து லினெட்டிடம் நீட்டினான். "பிஸ்கெட்டுக்குக் குடு."

கொடுத்துவிட்டு வந்தவள் சிரிப்பை அடக்கிக்கொண்டு சொன்னாள்: "வால் நல்லா வெந்திருக்காம், பிஸ்கெட் சொல்லுச்சு. அடுத்த பிள்ளைக்கு டொயோட்டாவக் கேக்க வேணாமாம். மருமகனுக்கே இப்ப தெரியுமாம்."