பச்சை ஜன்னல் வீட்டுக்காரன்

என் மனைவி தூங்கினால்தான் எங்கள் வீட்டில் அடுப்பு எரியும். கேலி இல்லை. மதியம் சாப்பிட்டுவிட்டு முதலாளியின் கிடங்கில், சுவரோரக் கட்டிலில் அவள் படுப்பாள். கண் சொருகியதும் கட்டிலுக்குப் பின்னால் இருக்கும் கதவை நான் திறப்பேன். அவள் விழித்திருக்கும்போது திறந்தால் உள்ளே துடைப்பமும் ஓட்டை வாளியும்தான். தூங்கும்போது திறந்தால் ஒரு தெரு. தெருக்கோடியில் இன்னொரு கதவு. அது மலைக்கு அந்தப் பக்கத்து ஊரில், முதலாளியின் இன்னொரு கடைக்குள் திறக்கும். மலையைச் சுற்றிப் போனால் நாள்கணக்கில் ஆகும். என் மனைவியின் கனவு வழியாகப் போனால் ஒரு குட்டித் தூக்கம்.

பீங்கான் சாமான்தான் எங்கள் சரக்கு. வைக்கோல் சுற்றிக் கூடைகளில் அடுக்கி, தள்ளுவண்டியில் ஏற்றிச் சத்தமில்லாமல் தள்ள வேண்டும். அவள் புரண்டு படுத்தால் தெரு ஒரு பக்கமாகச் சாயும். கிடங்கில் யாராவது இருமினால் அங்கே இடி இடிக்கும். ஒவ்வொரு வீட்டு வாசலிலும் ஒரு ஜோடி செருப்பு கிடக்கும். உள்ளே ஆள் அரவமே இருக்காது. அந்தச் செருப்புகள் எப்போதும் ஈரமாக இருக்கும். ஏனென்று அவளைக் கேட்டேன்.

"தூங்குறவளைக் கேக்குற கேள்வியா இது?" என்றாள்.

முதலாளி ஒரே ஒரு விஷயத்தில் கறாராக இருந்தார். "உள்ள யார்கிட்டயாவது பேச நேர்ந்தா, கிளம்பும்போது 'போறேன்'னு சொல்லு. 'போயிட்டு வரேன்'னு வாய் தவறிக்கூடச் சொல்லிடாதே."

"அபசகுனமா 'போறேன்'னா சொல்றது?"

"அங்க பேச்சுன்னா பேச்சு. வரேன்னு சொன்னவனை அந்தத் தெரு அங்கேயே உக்கார வெச்சுட்டு, அவனுக்குப் பதிலா வேற ஒருத்தனை வெளியே அனுப்பிடும்."

முன்பு வேறொருவர் கனவில் வண்டி தள்ளியவனுக்கு அப்படி ஆனதாம். திரும்பி வந்தவன் முன்னைவிட நன்றாகச் சாப்பிட்டான், நன்றாகச் சிரித்தான். அவன் வளர்த்த நாய் மட்டும் அவனைக் கண்டால் கட்டிலுக்கு அடியில் போய் ஒளிந்துகொள்ளுமாம்.

தெரு திரும்பும் இடத்தில் பச்சை ஜன்னல் வைத்த வீடு ஒன்று உண்டு. ஆள் இருந்த ஒரே வீடு அதுதான். ஜன்னலில் ஒருவன் யாரையோ எதிர்பார்த்து உட்கார்ந்திருப்பான். அது நான்தான். கல்யாணமான புதிதில் இருந்த நான். தலை நிறைய முடி, மடிப்புக் கலையாத சட்டை. பார்த்தாலே எனக்குப் பற்றிக்கொண்டு வரும். வீட்டில் நானும் அவளும் பேசிக்கொள்வது 'உப்பு போதுமா', 'கதவைச் சாத்து' என்ற அளவில்தான். இவனுக்கு மட்டும் ஜன்னலில் பூந்தொட்டி! என்மேலேயே எனக்குப் பொறாமை என்று யாரிடம் போய்ச் சொல்வது?

அன்றைக்கு அவள் சட்டென்று புரண்டு படுத்தாள். தெரு சாய்ந்து ஒரு கூடை சரிந்தது. ஜன்னல்காரன் ஓடிவந்து தாங்கிப் பிடித்தான். அவன் கை என் கைமேல் பட்டது. அதில் சூடே இல்லை.

"வெயில்ல வந்திருக்கீங்க. ஒரு வாய் தண்ணி குடிச்சிட்டுப் போங்களேன்," என்றான். அங்கே வெயிலே கிடையாது.

என்னிடம் யாரும் அவ்வளவு பரிவாகப் பேசி எத்தனையோ காலம் ஆகிவிட்டது. மனசு இளகிவிட்டது. "இருக்கட்டும் தம்பி, போயிட்டு வரேன்," என்றேன்.

சொல்லி வாய் மூடுவதற்குள் ஜன்னலுக்கு உள்ளே உட்கார்ந்திருந்தேன். வெளியே என் வண்டியை அவன் தள்ளிக்கொண்டு போனான். என் வழுக்கை, என் அழுக்குச் சட்டை, என் நடை. தொண்டை கிழியக் கத்தினேன். அவன் திரும்பிப் பார்க்கவில்லை.

அதன்பிறகு தினமும் வந்தான். கெஞ்சினேன், திட்டினேன், தண்ணீர் வேண்டுமா என்று நைசாகக் கேட்டேன். "போறேன்" என்று சொல்லிவிட்டுப் போய்க்கொண்டே இருந்தான். பயல் என்னைவிடக் கெட்டிக்காரன். அவள் கண் அசரும் நேரத்தில் கிடங்குச் சத்தம் வானத்திலிருந்து கேட்கும். அவன் ஏதோ சொல்வான், அவள் சிரிப்பாள். வயிறு எரியும். அப்புறம் போகப்போக அந்தச் சிரிப்பு கேட்கவில்லை. அவன் சிரிப்பு மட்டும் கேட்டது.

ஒரு நாள் வண்டி வரவில்லை. அவளே வந்தாள். அவளுடைய கனவில் அவளை நான் பார்த்தது அதுதான் முதல் தடவை. வாசலில் செருப்பைக் கழற்றினாள். அது ஈரமாக இருந்தது. தெரு முழுக்கக் கிடந்தவை அவள் செருப்புகள் என்று அப்போதுதான் எனக்கு உறைத்தது.

"இங்கதான் இருக்கீங்களா? எத்தனை வருஷமா வீடு வீடா ஏறி இறங்குறேன். உள்ள போறதுக்குள்ள யாராவது எழுப்பிடுறாங்க."

வருஷக்கணக்காக. அப்படியென்றால் நான் அவள் பக்கத்திலேயே இருந்த காலத்திலும் என்னைத்தான் தேடியிருக்கிறாள். எனக்கு அழுகை வந்துவிட்டது.

"வீட்டுல ஒருத்தன் இருக்கானே," என்றேன்.

"இருக்காரு. நல்லாத்தான் பாத்துக்கிறாரு. சண்டையே போடுறதில்ல. ஆனா எப்ப முழிச்சுப் பாத்தாலும் கண்ணைத் திறந்து வெச்சு என்னையே பாத்துச் சிரிச்சிட்டிருக்காரு. பயமா இருக்குங்க."

அவள் கையைப் பிடித்து உட்கார வைத்தேன். பேச நினைத்ததை எல்லாம் விட்டுவிட்டு, சாப்பிட்டாயா என்று கேட்டேன். அவள் சிரித்தாள். அந்தச் சிரிப்பு எனக்கே எனக்கானது.

"எழுந்திரும்மா," என்று வானத்திலிருந்து ஒரு குரல் கேட்டது. என் குரல். தெருக்கோடி மங்கத் தொடங்கியது. அவள் பதறி எழுந்து, வாசலில் நின்று திரும்பினாள்.

"சரிங்க, போயிட்டு வ..."

விட்டிருக்கலாம். ஒரு சொல்தான் பாக்கி. காலத்துக்கும் என்னோடு இருந்திருப்பாள். கிடங்குக் கட்டிலில் அவள் முகத்தோடு வேறு ஏதோ ஒன்று கண் திறந்து சிரித்திருக்கும். பாய்ந்து போய் அவள் வாயைப் பொத்தினேன். அவள் உடம்பு ஒருமுறை நடுங்கியது. என் கையிலும் சூடு இல்லை போலிருக்கிறது.

"போறேன்னு மட்டும் சொல்லு."

"அப்படிச் சொல்லிட்டுப் போனா எப்படிங்க திரும்பி வர்றது?"

"சொல்லாமலே வா."

என்னையே பார்த்தாள். "போறேன்," என்று சொல்லிவிட்டு வெறுங்காலோடு ஓடினாள்.

வாசலில் அவள் செருப்பு கிடக்கிறது. மறந்து விட்டுப்போனாளா, வேண்டுமென்றேவா, தெரியவில்லை. ஈரம் காயட்டும் என்று ஜன்னலில், பூந்தொட்டிக்குப் பக்கத்தில் எடுத்து வைத்திருக்கிறேன்.